ஜே. சி. ரைல்: மத்தேயு முடியப்போகிறது, அடுத்து எதை வாசிக்கலாம்?

பட்டாசாலை விளக்கு (இழையைத் தொடங்கியவர்)

எல்லாருக்கும் ஸ்தோத்திரம். அம்மாவுக்கு 81 வயது. இடுப்பெலும்பு முறிந்து நாலு மாதமாகப் படுக்கையில் இருக்கிறார்கள். கண்ணும் மங்கிவிட்டது. முன்பெல்லாம் இரவு எட்டரைக்கு அம்மா வேதம் வாசிப்பார்கள், நாங்கள் சுற்றி உட்கார்ந்து கேட்போம். இப்போது அம்மா படுத்திருக்க நான் வாசிக்கிறேன்.

அப்பாவின் அலமாரியில் ரைல் எழுதிய 'சுவிசேஷங்களைப் பற்றிய விளக்கச் சிந்தனைகள்' இருந்தது, மத்தேயு பாகம். ஆங்கிலப் புத்தகம்தான். வேதப்பகுதியை நம் பழைய மொழிபெயர்ப்பில் வாசித்துவிட்டு, ரைல் சொல்வதைப் பார்த்துப் பார்த்து எனக்கு வந்த தமிழில் சொல்லிக்கொண்டு போகிறேன். ஒரு பகுதிக்கு இருபது நிமிடம் ஆகிறது. மூன்றாம் நாளோ நாலாம் நாளோ அம்மா கேட்டார்கள்: "இந்த ஐயர் எந்த ஊர்க்காரர்? கட்டில் பக்கத்துல உட்கார்ந்து பேசுற மாதிரி இருக்கே."

எனக்கே சரியாகத் தெரியவில்லை. இங்கிலாந்துச் சபையின் பிஷப் என்று மட்டும் சொன்னேன். இப்போது மத்தேயு முடியப்போகிறது. மாற்குக்குப் போகலாமா, இல்லை 'பரிசுத்தம்' என்ற பேர்பெற்ற புத்தகத்தை எடுக்கலாமா? அவரைப் பற்றித் தெரிந்தவர்கள் கொஞ்சம் சொன்னால் அம்மாவுக்கும் சொல்வேன்.

தேரிப்பனை

அண்ணா, மாற்குக்கே போங்கள். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன். முதலில் ஆள் யார் என்று பார்ப்போம்.

ஜான் சார்ல்ஸ் ரைல் 1816-இல் மேக்கில்ஸ்ஃபீல்டில் பிறந்தார். அப்பா வங்கி முதலாளி, பாராளுமன்ற உறுப்பினராகவும் இருந்தவர். பையன் ஈட்டனில் படித்தார், பிறகு ஆக்ஸ்ஃபோர்டு. இரண்டு இடத்திலும் கிரிக்கெட் அணிக்குத் தலைவர். மூத்த மகன், எல்லாச் சொத்தும் அவருக்கு வரவேண்டியது. குருப்பட்டம் பெறும் எண்ணமே கிடையாது.

1837-இல் ஆக்ஸ்ஃபோர்டில் இரண்டு காரியங்கள் நடந்தன. முதலில் கடுமையான நோய் வந்து படுத்தார், அப்போதுதான் வேதத்தையும் ஜெபத்தையும் தொட்டார். அப்புறம் ஒரு ஞாயிறு பிற்பகல் ஒரு கோயிலுக்குத் தாமதமாகப் போய் நுழைந்தார். உள்ளே எபேசியர் இரண்டாம் அதிகாரம் வாசித்துக்கொண்டிருந்தார்கள். வாசித்தவர் எட்டாம் வசனத்தை ஒரே மூச்சில் ஓட்டவில்லை. ஒவ்வொரு துண்டுக்கும் நிறுத்தி நிறுத்தி வாசித்தார். 'கிருபையினாலே' என்று ஒரு நிறுத்தம், 'விசுவாசத்தைக்கொண்டு' என்று இன்னொன்று. அந்த நிறுத்தங்களுக்குள்தான் ரைலுக்குச் சுவிசேஷம் புரிந்தது. வாசித்தவர் யாரென்று பெயர்கூடச் சரித்திரத்தில் இல்லை. ரைலின் கல்லறைக் கல்லில் இந்த வசனம் இருக்கிறது.

1841 ஜூன் மாதம் அப்பாவின் வங்கி மூழ்கியது. காலையில் எழுந்தபோது பணக்காரர்கள், இரவு படுத்தபோது ஒன்றுமில்லாதவர்கள். அவருக்கு அப்போது 25 வயது. முப்பது வருஷம் கழித்துப் பிள்ளைகளுக்காக எழுதிய நினைவுக் குறிப்பிலும் அந்தக் காயம் ஆறாமல்தான் இருக்கிறது. வேறு வழி தெரியாமல்தான் ஊழியத்துக்கு வந்தேன் என்று அதில் ஒளிக்காமல் எழுதுகிறார். அழைப்புக் கதையை அழகுபடுத்திச் சொல்லும் பழக்கம் அவரிடம் இல்லை. எனக்கு அவரைப் பிடித்துப்போனதே அதனால்தான்.

1841 டிசம்பரில் குருப்பட்டம். முதல் ஊழியம் எக்ஸ்பரி, நியூ ஃபாரஸ்ட் காட்டுப்பக்கம். பிறகு வின்செஸ்டரில் சில மாதம். 1844 முதல் 1861 வரை சஃபோக் மாவட்டத்தில் ஹெல்மிங்ஹம், முந்நூறு பேர் அளவுக்குச் சின்னக் கிராமம். அதன்பின் 1880 வரை ஸ்ட்ராட்புரோக். அந்த வருஷம் புதிதாக உண்டாக்கிய லிவர்பூல் பேராயத்துக்கு முதல் பேராயர். 1900-இல் மரணம்.

இனி, மாற்கை ஏன் எடுக்கச் சொன்னேன் என்பதற்கு வருகிறேன். இந்தப் பாகங்கள் வந்த வருஷங்களைப் பாருங்கள்: மத்தேயு 1856, மாற்கு 1857, லூக்கா 1858-இலிருந்து. அப்போது அவர் வீட்டில் என்ன நிலைமை? முதல் மனைவி இறந்து, இரண்டாவதாக ஜெஸ்ஸியை மணந்திருந்தார். அந்த அம்மா பல வருஷம் நோயாளி, 1860-இல் இறந்துபோனார். அந்தக் கடைசி ஐந்து வருஷம் எப்படிப் போனது என்று ரைல் எழுதியிருக்கிறார். வெளியூரில் பிரசங்கம் இருந்தால் கடுங்குளிரிலும் திறந்த வண்டியில் 20 மைல், 30 மைல் போய்ப் பேசிவிட்டு அன்று இரவே திரும்பிவிடுவாராம். வெளியே தங்கினால், ராத்திரியில் மனைவிக்கு ஏதாவது வேண்டுமென்றால் யார் பார்ப்பது?

அண்ணா, நீங்கள் வாசிக்கிற புத்தகம் அந்த வீட்டில் எழுதியது. யாருக்காக எழுதினேன் என்பதை முன்னுரையிலேயே சொல்கிறார்: குடும்ப ஜெபத்தில் வாசிக்க, நோயாளிகளையும் ஏழைகளையும் பார்க்கப் போகிறவர்கள் வாசித்துக் காட்ட, தனியாக வாசிக்கிறவர்களுக்குத் துணையாக இருக்க. ஒரு பகுதிக்குச் சுமார் 12 வசனம் என்று பிரித்ததும் அதற்காகத்தான். படுத்திருக்கிறவர் களைத்துப்போவதற்குள் ஒரு பகுதி முடிந்துவிடும். உங்கள் அம்மா கட்டில் பக்கம் என்று சொன்னது மிகச் சரி.

பட்டாசாலை விளக்கு

தம்பி, இதை அப்படியே அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். திறந்த வண்டி வந்த இடத்தில் "பாவம், அந்த ஐயர்" என்றார்கள். அப்புறம் ரொம்ப நேரம் பேசவில்லை. அப்பாவும் அப்படித்தான், சித்தி கல்யாணத்துக்குப் போனபோதுகூட ராத்திரி தங்காமல் வந்துவிட்டார்.

நாலாம் மணி

வாசிப்பவர்களின் மனதைக் கெடுக்க வரவில்லை. ஆனால் ரைலை நான் இரண்டு தடவை தொடங்கி இரண்டு தடவையும் பாதியில் வைத்துவிட்டேன். எந்தப் பகுதியை எடுத்தாலும் முதலாவது இதைக் கற்றுக்கொள்வோம், இரண்டாவது இதைக் கவனிப்போம் என்று ஒரே அச்சு. சொன்னதையே நாலு விதமாகச் சொல்வார். ஐம்பது பக்கத்தில் சலித்துப்போகிறது.

இன்னொன்று, ரோமன் சபையைப் பற்றி வாய்ப்புக் கிடைத்த இடமெல்லாம் கடிந்து எழுதுகிறார். என் மனைவி கத்தோலிக்கக் குடும்பத்துப் பெண். எங்கள் வீட்டில் அதை எப்படிச் சத்தமாக வாசிப்பேன்?

ஏட்டுச்சுவடி

சகோதரரே, உங்கள் இரண்டாவது கேள்விக்கு என்னிடம் நல்ல பதில் இல்லை. அந்த வரிகளை நானும் தாண்டித்தான் போகிறேன். நற்கருணை, குருத்துவம், பாவசங்கீர்த்தனம் இவற்றைப் பற்றி இங்கிலாந்துச் சபைக்குள்ளேயே அப்போது பெரிய சண்டை. ரைல் அதில் முன்வரிசையில் நின்றவர், அந்தச் சண்டையின் சூடு தியான நூலிலும் ஏறிவிட்டது.

முதல் கேள்விக்கு வருகிறேன். நீங்கள் கண்ணால் வாசித்தீர்கள். இது காதுக்கு எழுதியது. படுத்துக்கொண்டு கேட்கிற ஒருவரால் பக்கத்தைத் திருப்பி முன்னே சொன்னதைப் பார்க்க முடியாது. அதனால்தான் முதலாவது, இரண்டாவது என்று விரல் மடக்கிச் சொல்கிறார். சொன்னதையே மறுபடி சொல்வதும் அதனால்தான். நம் ஊர் உபதேசியார் அப்படித்தானே பேசுவார்?

இது அவருக்கு இயல்பாக வந்த நடையும் இல்லை. ஆக்ஸ்ஃபோர்டில் கிரேக்கம், லத்தீன் படித்து முதல் வகுப்பில் தேறியவர். கிராமத்தில் கூலிவேலை செய்து களைத்துவந்து பெஞ்சில் தூங்கிவிழும் ஆட்களுக்கு முன்னால் அந்த நடை எடுபடவில்லை. ஆகவே அதைத் தானே கொன்றுபோட்டார். பிற்காலத்தில் எளிமையாகப் பிரசங்கிப்பது பற்றிக் குருமாருக்கு ஓர் உரை கொடுத்தார், அதில் ஐந்து யோசனை சொல்கிறார்: பேசப்போகும் பொருள் முதலில் உனக்கே தெளிவாக இருக்கவேண்டும், எளிய சொல், குறுகிய வாக்கியம், நான்–நீ என்று நேருக்கு நேர் பேசுவது, நிறைய உவமையும் நிகழ்ச்சியும். காதைக் கண்ணாக்குகிறவனே நல்ல பேச்சாளன் என்ற கீழ்த்திசைப் பழமொழியையும் அங்கே எடுத்துச் சொல்கிறார்.

ஒரு தடவை, ஒரே ஒரு பகுதியை யாருக்காவது வாசித்துக் காட்டிப் பாருங்கள். அப்புறம் சொல்லுங்கள்.

மலைச்சாரல்

'பரிசுத்தம்' புத்தகத்தைப் பற்றி நான் சொல்லலாமா? அது என்னைக் காப்பாற்றிய புத்தகம்.

நான் கன்வென்ஷன் கூட்டங்களில் வளர்ந்தவள். ஒவ்வொரு வருஷமும் கடைசி இரவில் முழுமையாக ஒப்புக்கொடுக்க அழைப்பார்கள். பன்னிரண்டு வயது முதல் எழுந்து நின்றிருக்கிறேன். இறங்கி வந்து இரண்டு வாரத்தில் பழைய கோபம், பழைய பொறாமை. நான் ஒப்புக்கொடுத்தது சரியில்லையோ என்று மறு வருஷம் திரும்பவும் எழுந்து நிற்பேன். 26 வயதில், நான் கிறிஸ்தவளே இல்லை என்ற முடிவுக்கு வந்துவிட்டேன்.

அந்த நாட்களில்தான் இதை வாசித்தேன். 1875-இல் இங்கிலாந்தில் பிரைட்டனில் பெரிய கூட்டங்கள் நடந்தன, அதே வருஷம் கெசிக் என்ற ஊரில் வருஷந்தோறும் கூடும் கெசிக் மாநாடும் தொடங்கியது. போராட்டத்தை விட்டுவிட்டு விசுவாசத்தினால் மட்டுமே பரிசுத்தம் பெறலாம் என்ற போதனை வேகமாகப் பரவிற்று. ரைல் 1877-இல் 'பரிசுத்தம்' முதல் பதிப்பைக் கொண்டுவந்தார், 1879-இல் அதை விரித்து எழுதினார். கூட்டம் நடத்தியவர்களை அவர் திட்டவில்லை. முன்னுரையில் வரிசையாகக் கேள்விகள் கேட்கிறார், அவ்வளவுதான். நீதிமானாக்கப்படுவது விசுவாசத்தினாலே, சரி. ஆனால் பரிசுத்தமாவதில் நம் பிரயாசமே வேண்டாம் என்று வேதம் எங்கே சொல்கிறது? ரோமர் ஏழாம் அதிகாரத்தில் தவிக்கிறவன் பவுல்தானே, தேறின விசுவாசிதானே?

நாலாவது அதிகாரத்துக்குப் பெயர் 'போராட்டம்'. அதில் ஒரு இடம். தேவனுடைய பிள்ளையை அதன் உள் சமாதானத்தினால் அடையாளம் காணலாம், அதுபோலவே உள் போராட்டத்தினாலும் அடையாளம் காணலாம் என்கிறார். செத்தவனுக்குள் சண்டை நடக்காது. அந்தப் பக்கத்தை வாசித்துவிட்டு விடுதி மொட்டைமாடியில் உட்கார்ந்து அழுதேன். பதினாலு வருஷமாக எதை என் தோல்வி என்று நினைத்தேனோ, அது உயிர் இருப்பதற்கு அடையாளம் என்று ஒருவர் சொல்லிவிட்டார்.

கெசிக் பக்கத்தை நான் இழிவாகப் பேசவில்லை. அந்த மாநாட்டின் ஆதரவில் முதன்முதலாக அனுப்பப்பட்டவர் எமி கார்மைக்கேல். 1895-இல் இந்தியா வந்து, டோனாவூரில் குழந்தைகளுக்காகத் தன் வாழ்நாளையே கொடுத்தவர். அந்த மரத்தின் கனியை நம் பக்கம் கண்ணால் பார்த்திருக்கிறோம். ஆனால் என்னைப் போல் தவிப்பவர்களுக்கு ரைல் வேண்டும்.

தேரிப்பனை

அக்கா, நன்றி. லோத்தைப் பற்றிய அதிகாரத்தையும் சொல்லாமல் விட்டுவிட்டீர்களே! சோதோமை விட்டு ஓடு என்று தூதர் சொல்லியும் லோத்து 'தாமதித்துக்கொண்டிருக்கும்போது' (ஆதியாகமம் 19:16). ஒரு முழு அதிகாரமும் அந்த ஒரு சொல்லின்மேல்தான் நிற்கிறது. லோத்து கெட்டவன் இல்லை, விசுவாசிதான். ஆனால் தாமதித்தான். அவன் எந்த ஊரைத் தெரிந்தெடுத்தான், அவன் பேச்சை மருமக்கள் ஏன் சட்டைசெய்யவில்லை, முடிவில் அவனுக்கு என்ன மிஞ்சியது என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே வருவார். தமிழில் அந்தச் சொல்லை வாசித்துப் பாருங்கள், வாயை விட்டுப் போகவே நேரம் எடுக்கிறது.

நாலாம் மணி

மலைச்சாரல், நீங்கள் எழுதியதை இரண்டு முறை வாசித்தேன். அந்த அதிகாரத்தை எடுத்துப் பார்க்கிறேன்.

ஆனாலும் மனதில் இருப்பதைச் சொல்லிவிடுகிறேன். 1887-இல் லிவர்பூலில் பெல் காக்ஸ் என்ற குருவானவர், கத்தோலிக்க முறையில் ஆராதனைச் சடங்கு செய்தார் என்ற வழக்கில் சிறைக்குப் போனார். தடுக்கும் அதிகாரம் பேராயர் ரைலுக்கு இருந்தது. அவர் தடுக்கவில்லை. பரிசுத்தத்தைப் பற்றி இவ்வளவு எழுதியவர் ஒரு சக ஊழியக்காரர் ஜெயிலுக்குப் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தார் என்பது எனக்கு உறுத்துகிறது.

ஏட்டுச்சுவடி

உறுத்தவேண்டியதுதான். அவர் பக்கத்து நியாயம், சட்டம் தன் வழியே போகவேண்டும், பேராயர் குறுக்கே நிற்கக்கூடாது என்பது. அது எனக்குப் போதவில்லை. ஆராதனையில் மெழுகுவர்த்தி ஏற்றுவதற்கெல்லாம் சிறை என்பது அந்தச் சபைக்கே பிற்பாடு வெட்கமாகிப்போனது.

அதே பேராயர்தான் லிவர்பூலில் பெரிய கதீட்ரல் கட்டும் வேலையைப் பின்னுக்குத் தள்ளினார். முதலில் குருமாருக்குச் சம்பளம், முதிர்ந்தவர்களுக்கு ஓய்வூதிய நிதி, ஏழைகள் வாழும் தெருக்களில் ஊழியக்காரர்கள். கதீட்ரலுக்கு அடிக்கல் அவர் இறந்து நாலு வருஷம் கழித்து, 1904-இல்தான். இதைச் சொல்வதால் பெல் காக்ஸ் பட்டது இல்லாமல் போகாது. இரண்டும் ஒரே ஆள்.

கிணற்றடி

புதிதாக வந்தவன். ரைலின் 'பெற்றோரின் கடமைகள்' யாராவது வாசித்தீர்களா? பிள்ளையை நடக்கவேண்டிய வழியிலே நடத்து என்ற நீதிமொழிகள் 22:6-ஐ வைத்து 17 யோசனைகள். என் மகனுக்கு இரண்டு வயதாக இருக்கும்போது வாசித்தேன். இப்போது 24 வயது, கோயில் பக்கம் வருவதில்லை. சண்டை ஒன்றும் இல்லை, நன்றாகத்தான் பேசுவான். ஆனால் அந்தப் புத்தகத்தைத் திரும்ப எடுக்க எனக்குத் தைரியம் வரவில்லை.

தேரிப்பனை

ஐயா, அதை எழுதியபோது ரைலுக்கு 30 வயது. வளர்ந்த பிள்ளை அவருக்கு அப்போது இல்லை. பிற்பாடு அவர் மகன் ஹெர்பர்ட் வேத ஆராய்ச்சியில் அப்பாவுக்கு ஒப்பாத வழியில் போனார். பழைய ஏற்பாட்டை அப்பா வாசித்த மாதிரி அவர் வாசிக்கவில்லை. ஆனாலும் அப்பாவுக்கும் மகனுக்கும் பாசம் அறுந்துபோகவில்லை. அந்த ஹெர்பர்ட் பின்னால் லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் ஆபி ஆலயத்தின் டீன், அதாவது தலைமைக் குரு, ஆனவர்.

இன்னொன்று. அந்த 17-இல் முதலில் வருகிறவற்றில் ஒன்று, பிள்ளையை அன்போடும் பொறுமையோடும் வளர்க்கவேண்டும் என்பது. நீங்கள் அதை விட்டுவிடவில்லை என்பது உங்கள் எழுத்திலேயே தெரிகிறது. மகன் இன்றும் நன்றாகப் பேசுகிறான் என்கிறீர்களே.

கிணற்றடி

நன்றி தம்பி. ஹெர்பர்ட் விஷயம் தெரியாது. இன்று ராத்திரி அவனுக்குப் போன் பண்ணுவேன்.

மலைச்சாரல்

விளக்கு அண்ணா, அம்மாவுக்குச் சின்னதாக ஒன்று வேண்டுமென்றால் 'நீ ஜெபிக்கிறாயா?' என்ற கைப்பிரதியை, அந்தச் சின்ன அச்சுப் புத்தகத்தை, எடுங்கள். தொடக்கமே அந்தக் கேள்விதான். நீ கோயிலுக்கு வருகிறாயா என்பது உன் குருவானவருக்குத் தெரியும், வீட்டில் குடும்ப ஜெபம் உண்டா என்பது உன் சொந்தக்காரருக்குத் தெரியும், ஆனால் தனியாக ஜெபிக்கிறாயா என்பது உனக்கும் தேவனுக்கும் மட்டுமே தெரியும் என்று போவார். கேட்கிறவர் எங்கேயும் ஒதுங்க முடியாது.

அவர் கைப்பிரதி எழுதத் தொடங்கியதே ஒரு துக்கத்தில். 1845 மே 2-ஆம் தேதி, கிரேட் யார்மத் என்ற ஊரில் தொங்குபாலம் அறுந்தது. தொட்டியில் உட்கார்ந்த ஒரு கோமாளியை வாத்துகள் ஆற்றில் இழுத்துவருவதைப் பார்க்க ஜனங்கள் பாலத்தில் கூடி நின்றார்கள். 79 பேர் செத்தார்கள், பெரும்பாலும் குழந்தைகள். ரைல் அதை வைத்து எழுதியதுதான் முதல் பிரதி.

ஏட்டுச்சுவடி

தமிழில் சொல்லிக்கொண்டு போகிறவருக்கு ஒரு குறிப்பு. ஸ்ட்ராட்புரோக் ஆலயத்தின் பிரசங்க பீடத்தில் 1 கொரிந்தியர் 9:16-ஐச் செதுக்க வைத்தார் ரைல்: 'சுவிசேஷத்தை நான் பிரசங்கியாதிருந்தால், எனக்கு ஐயோ.' ஆங்கிலத்தில் அந்த 'இல்லாமல்' தனிச் சொல்லாக நிற்கும். அந்த ஒரு சொல்லுக்குக் கீழே ரைல் தானே உளி எடுத்து ஆழமாகக் கோடு கிழித்தார். நம் மொழியில் எங்கே கோடு கிழிப்பது? 'பிரசங்கியாதிருந்தால்' என்பதில் அந்த 'யா' மட்டும்தான் மறுப்பைத் தாங்குகிறது. எழுத்தில் கோடு போட முடியாது, குரலில்தான் போடமுடியும். எங்கே நிறுத்துவது, எங்கே அழுத்துவது என்று முன்கூட்டிப் பார்த்துக்கொண்டு உட்காருங்கள். வேதத்தைத் தமிழில் பழைய மொழிபெயர்ப்பிலேயே வாசியுங்கள். ரைலை மட்டும் வீட்டுப் பேச்சில் சொல்லுங்கள். கலந்துவிட்டால் இரண்டும் கெடும்.

நாலாம் மணி

நேற்று இரவு ஒரு பகுதியைச் சத்தமாக வாசித்தேன். லூக்கா 23, சிலுவையில் இரண்டு கள்வர். மனைவியும் கேட்டாள். ஒருவன் இரட்சிக்கப்பட்டது யாரும் நம்பிக்கை இழக்காதபடிக்கு, ஒருவன் மட்டுமே இரட்சிக்கப்பட்டது யாரும் துணிகரம் கொள்ளாதபடிக்கு என்று வருகிறது. "இதை எங்க சாமியாரும் பெரிய வெள்ளிக்குச் சொல்லுவாரு" என்றாள். ரைலுக்கு முன்பே வழங்கிவந்த சொல் போலிருக்கிறது. முதலாவது, இரண்டாவது என்பது இந்த முறை எனக்குத் தொந்தரவாகப் படவில்லை. லூக்காவில் இன்னும் சில பகுதிகள் வாசிக்கலாம் என்றிருக்கிறோம். கடினமான வரி வந்தால் நானும் தாண்டிவிடுவேன்.

பட்டாசாலை விளக்கு

எல்லாருக்கும் நன்றி. மத்தேயு நேற்று முடிந்தது. முடித்துவிட்டு, தம்பி தேரிப்பனை எழுதிய ஆக்ஸ்ஃபோர்டு சம்பவத்தை அம்மாவிடம் சொன்னேன். அந்த ஆள் எப்படி வாசித்திருப்பார் என்று கேட்டார்கள். சரி என்று எபேசியரை எடுத்து அந்த வசனத்தை நிறுத்தி வாசித்தேன்.

'கிருபையினாலே' என்று சொல்லி நிறுத்தினேன். நான் அடுத்ததைச் சொல்வதற்குள் அம்மா கண்ணை மூடியபடியே 'விசுவாசத்தைக்கொண்டு' என்றார்கள். ஒரு மூச்சு விட்டு, 'இரட்சிக்கப்பட்டீர்கள்.' மறுபடி மூச்சு. 'இது உங்களால் உண்டானதல்ல, இது தேவனுடைய ஈவு.' ஞாயிறு பள்ளியில் படித்ததாம், எழுபது வருஷம் இருக்கும்.

இன்றைக்கு மாற்கு முதல் பகுதி. எட்டரை ஆகப்போகிறது, அம்மா கூப்பிடுகிறார்கள்.